அஞ்சு ஜிபி மக்காச்சோளம்

எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் படித்தவன் நான். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. ஒப்புதல் வாக்குமூலத்தை எங்கிருந்தாவது தொடங்க வேண்டுமே என்று சொல்கிறேன். அப்பாவுக்கும் அம்மாவுக்கும் கையெழுத்துப் போட வரும். அதற்கு மேல் பேனாவுக்கு வீட்டில் வேலை கிடையாது. அக்கா செல்வி எட்டாவதோடு நின்றுவிட்டாள். நான் மட்டும் பத்தாவது முடித்து, தினமும் பஸ் ஏறி அருப்புக்கோட்டைக்குப் போய்ப் பாலிடெக்னிக்கில் எலெக்ட்ரிக்கல் படித்தேன்.

வீட்டில் ஒருவன் மட்டும் படித்திருந்தால் அவன் பாடு திண்டாட்டம். மருந்து டப்பாவில் என்ன எழுதியிருக்கிறது, மாத்திரையைச் சோத்துக்கு முன்னால் போடுவதா பின்னால் போடுவதா, மோட்டார் ஏன் உறுமுகிறது, மாட்டு லோனுக்கு எந்த இடத்தில் கையெழுத்துப் போடுவது, எல்லாம் அவனிடம்தான் வரும். தெரியாது என்று மட்டும் சொல்லக்கூடாது. சொன்னால் அப்பா, "அப்ப எதுக்குடா ஒன்னைய மூணு வருசமா பஸ்ஸுல அனுப்புறேன்?" என்பார். அதனால் பாலிடெக்னிக்கில் மின்சாரம் கற்றேனோ இல்லையோ, தெரியாததைத் தெரிந்த மாதிரி சொல்வதை நன்றாகக் கற்றுக்கொண்டேன். அந்தக் கல்விதான் என் தாய்மாமனை ஒரு தலை தீபாவளி அன்று, இலை போட்ட பிறகும் சாப்பிடாமல் எழுந்து போக வைத்தது.

எல்லாவற்றுக்கும் காரணம் ஒரு பழைய கேம் பெட்டி.

அதை எனக்கு வாங்கிக் கொடுத்ததே அந்த மாமாதான். தவசி மாமா, அம்மாவின் ஒரே தம்பி. மல்லாங்கிணறில் மோட்டார் சாமான், தண்ணீர்க் குழாய் விற்கும் கடை வைத்திருக்கிறார். அவருக்குப் பிள்ளைகள் கிடையாது. எங்கள் வீட்டுப் பிள்ளைகள்தான் அவருக்கும். வீரசோழன் ஊர்க் காதர் பாய் வெளிநாட்டிலிருந்து திரும்பியபோது கொண்டுவந்த பெட்டி அது. கறுப்பாக, தடித்த அகராதி மாதிரி இருக்கும். நான் பத்தாவது பாஸ் ஆனதும் மாமா அதை அவரிடம் வாங்கி, பழைய வேட்டியில் சுற்றி பைக்கில் கொண்டுவந்தார். "படிக்கிற புள்ளைக்கு கம்ப்யூட்டரு" என்றார். அது கம்ப்யூட்டர் இல்லை என்று எனக்குத் தெரியும். (சொல்வேனா?)

சர்க்கார் கொடுத்த பதினாலு இன்ச் டிவியில், மஞ்சள், வெள்ளை, சிவப்பு என்று மூன்று வயரைச் சொருகினேன். பெட்டி உயிர் பெற்றது. அன்று முதல் பாட்டு, போட்டோ, படம், விளையாட்டு எல்லாமே அதற்குள்தான். ஆனால் அதற்குள் இடம்தான் இல்லை. அட்டையில் பன்னிரண்டு ஜிபி என்று போட்டிருந்தது. திறந்து பார்த்தால் எட்டரைதான் காட்டியது.

அப்பாவிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் கொஞ்சமும் அசரவில்லை.

"பட்டாவுல ஒரு ஏக்கருனு இருக்கும். அளந்தா ஓடையும் வண்டிப்பாதையும் போக எம்பது சென்டுதான் நிக்கும். அது மாதிரிதான இதுவும்?"

பாலிடெக்னிக்கில் யாரும் எனக்கு இவ்வளவு தெளிவாகச் சொன்னதில்லை. அன்றிலிருந்து நான் அந்த எட்டரையைத் துண்டு நிலம் வைத்திருப்பவன் மாதிரிதான் பார்த்தேன். புதிதாக ஒன்றைப் போட வேண்டுமானால் ஏற்கெனவே நிற்பதில் ஒன்றைப் பிடுங்க வேண்டும். கார் ஓட்டும் விளையாட்டு வந்தபோது பந்து விளையாட்டு போனது. அப்பா கேட்கும் கோயில் கொடைப் பாட்டு வந்தபோது கார் போனது. ஒவ்வொரு தடவையும் பெட்டி, இதை நிச்சயம் அழிக்கவா என்று கேட்கும். நான் கலெக்டர் மாதிரி யோசித்துவிட்டு, ஆம் என்று அழுத்துவேன்.

எதைப் பிடுங்கினாலும் ஒன்றை மட்டும் தொடுவதில்லை. அது அக்காவின் தோட்டம்.

பெட்டியோடு காதர் பாய் கொடுத்த சிடித் தட்டுகளில் ஒன்று, விவசாயம் பார்க்கும் விளையாட்டு. ஒரு சின்னப் பெண் தொப்பி போட்டுக்கொண்டு மண்வெட்டி, பூவாளியோடு நிற்பாள். அவளைக் கொண்டு கொத்தி, விதைத்து, தண்ணீர் ஊற்றி, அறுத்து விற்க வேண்டும். எனக்கு இரண்டே நாளில் அலுத்துவிட்டது. (வீட்டிலும் அதுதானே நடக்கிறது.) ஆனால் அக்கா ஒருநாள் மிளகாய்க் காட்டிலிருந்து வந்தவள், கையைக் கழுவாமலே என் பக்கத்தில் உட்கார்ந்து, "இங்குட்டு குடு பாப்போம்" என்று பட்டன் வைத்த கட்டையை வாங்கினாள். அதற்குப் பிறகு திருப்பித் தரவில்லை.

அவளுக்கு ஆங்கிலம் எழுத்துக் கூட்டத்தான் வரும். ஆனால் எந்தப் படத்தை அழுத்தினால் விதை வரும், எந்த மூலையில் போட்டால் சீக்கிரம் முளைக்கும், எல்லாம் ஒரே வாரத்தில் பிடிபட்டுவிட்டது. நான் ஓட்டினால் அந்தப் பெண் பயிர் மேலேயே நடப்பாள். அக்கா ஓட்டினால் வரப்பில் நடப்பாள். அந்த ஊரில் தோட்டத்தை ஒட்டியே ஒரு ஆறு ஓடியது. வருஷம் முழுக்க ஓடியது. நாலு நாளைக்கு ஒரு மழை.

அப்பா மாட்டைக் கட்டிவிட்டு வந்து பின்னால் நின்று பார்ப்பார். "என்ன மண்ணு? கரிசலா?" என்பார். "வடக்கு மூலைய சும்மா போடாத, உளுந்தப் போடு" என்பார். உளுந்து அந்த விளையாட்டில் கிடையாது என்று நான் சொன்னால், "பெறகு என்ன வெவசாயம்?" என்று போய்விடுவார். ஆனால் மறுநாள் சாயங்காலம் சரியாக வந்து, "நம்ம தோட்டத்துல மழ பேஞ்சுச்சா?" என்று கேட்பார். எந்தத் தோட்டத்தைக் கேட்கிறார் என்று நாங்கள் யாரும் குழம்பியதில்லை. நிஜத் தோட்டம் வாசலிலிருந்து பார்த்தாலே தெரியும். அங்கே பெய்யவில்லை.

இப்படி இரண்டு வருஷம். பிறகு அக்காவுக்கு மாப்பிள்ளை வந்தது. அத்தான் நல்ல மனிதர். ஹைதராபாத்தில் முறுக்கு, மிக்சர் கடை. ஆவணியில் கல்யாணம். கல்யாணத்துக்கு முதல் நாள் சாயங்காலம், வீடு முழுக்கச் சொந்தக்காரர்கள், அக்காவின் இரண்டு கையிலும் மருதாணி. என்னைக் கூப்பிட்டு, "ஏலே, பெட்டியப் போடு" என்றாள். மருதாணி விரலை மடக்கிக்கொண்டு, மணிக்கட்டால் பட்டனை அழுத்தி, ஆற்றோரத்தில் ஒரு வரிசை மக்காச்சோளம் விதைத்தாள். கட்டையில் மருதாணி ஒட்டிக்கொண்டது.

"இது பதினாலு நாளு பயிரு. நான் வந்து அறுத்துக்கிறேன். நீ தண்ணிய மட்டும் ஊத்து…" என்றவள், உடனே மாற்றிக்கொண்டாள். "வேணாம், வேணாம். நீ மிதிச்சுருவ. தொடவே தொடாத, என்ன?"

தொடமாட்டேன் என்று தலையில் அடித்துச் சத்தியம் செய்தேன். (அவள் தலையில் இல்லை, என் தலையில். அவள் தலையில் பூ இருந்தது.)

இனி மாமாவின் சீரைச் சொல்ல வேண்டும். எங்கள் பக்கம் கல்யாணத்தில் தாலி முக்கியம்தான், ஆனால் தாலியை எல்லோரும் கட்டுவார்கள். தாய்மாமன் சீர் எப்படி வந்தது என்பதில்தான் ஒரு குடும்பம் எப்படிப்பட்டது என்று ஊர் முடிவு செய்யும். தவசி மாமா தன் வாழ்நாளில் ஒரே ஒரு பெண்ணுக்குத்தான் சீர் செய்யப் போகிறார். விடுவாரா? ஐம்பத்தொரு தாம்பாளத் தட்டு. ஐம்பத்தொரு பெண்கள் வரிசையாக, மேளத்தோடு, வெடியோடு. பின்னால் குட்டியானை வண்டியில் கட்டில், பீரோ. அதற்கும் பின்னால் மாலை போட்ட ஒரு செம்மறிக் கிடா. அந்தக் கிடா மண்டபத்து வாசலில் வெடிச் சத்தத்துக்கு மிரண்டு, கயிற்றைப் பிடித்திருந்த அத்தையின் தம்பியை அப்படியே இழுத்துக்கொண்டு போய்த் தவில்காரர் மேல் சாய்த்தது. தவில் ஒரு பக்கம், அவர் ஒரு பக்கம். மாமா மட்டும் கலையாமல், துண்டைச் சரிசெய்துகொண்டு நடந்து வந்தார். அன்று அவர் ஓரடி வளர்ந்துவிட்ட மாதிரி இருந்தது.

அத்தனையையும் வீடியோ எடுத்தார்கள்.

புரட்டாசியில் ஸ்டுடியோக்காரர் கூப்பிட்டார். ஒரு பென்டிரைவை என் கையில் கொடுத்து, "இப்பல்லாம் சிடி யாரும் கேக்குறதில்ல தம்பி. இதுல இருக்கு, ஒங்க சிஸ்டத்துல ஏத்திக்கிட்டு நாளைக்கே திருப்பிக் குடுத்துருங்க, அடுத்த கல்யாணத்துக்கு வேணும்" என்றார். சிஸ்டம் என்று அவர் சொன்ன மரியாதையிலேயே நான் மயங்கிவிட்டேன். சரி என்று வாங்கி வந்தேன்.

பெட்டியில் சொருகினேன். ஒன்பது ஃபைல். எட்டு ஃபைலும் சேர்ந்து மூணேகால் ஜிபி. ஐந்தாவது மட்டும் தனியாக நாலு ஜிபி.

நான் முதலில் என் பத்தாவது வகுப்புப் போட்டோக்களை அழித்தேன். பிறகு கொடைப் பாட்டு. பிறகு மிச்சமிருந்த எல்லாமே. கடைசியில் பெட்டியில் அக்காவின் தோட்டம் மட்டும் நின்றது. விளையாட்டு, ஐந்து ஜிபி. மீதி மூன்றரை. அதில் எட்டு ஃபைல் போகும். ஐந்தாவது போகாது. அதுவும் போக வேண்டும் என்றால் தோட்டத்தை அழிக்க வேண்டும்.

புதிதாக ஒரு பென்டிரைவ் வாங்கியிருக்கலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். நாலு தீபாவளியாக எல்லோரும் அதைத்தான் கேட்கிறார்கள். (தோணல. அம்புட்டுதான்.)

ஐந்தாவதில் அப்படி என்னதான் இருக்கிறது என்று ஓட்டிப் பார்த்தேன். ஒரு பெண் தட்டோடு வருகிறாள். அடுத்த பெண் தட்டோடு வருகிறாள். வேகமாக ஓட்டினேன். இன்னொரு பெண், இன்னொரு தட்டு. அதிலும் ஸ்டுடியோக்காரர் ஒவ்வொரு தட்டுக்கும் மெதுவாகப் போகும் வித்தை வேறு காட்டியிருந்தார். ஒரே விஷயம் திரும்பத் திரும்ப வந்தால் ஒன்றை வைத்துக்கொண்டு மீதியைக் கழித்துவிடலாம் என்று அந்த வாரம்தான் வாத்தியார் வகுப்பில் சொல்லியிருந்தார். (மின்சுற்றைப் பற்றிச் சொன்னார். நான் தாய்மாமனுக்குப் பொருத்திக்கொண்டேன்.) மேலும், நாலாவது ஃபைலின் கடைசியில், மண்டப வாசலில் சீர் வரத் தொடங்குவது தெரிந்தது. மூன்று தட்டு நன்றாகவே தெரிந்தன. மாதிரிக்கு மூன்று போதும் என்று முடிவு செய்தேன்.

உண்மையைச் சொன்னால், வகுப்பும் இல்லை, சுற்றும் இல்லை. அக்கா ஊருக்குப் போய் ஒரு மாதம் ஆகியிருந்தது. வீட்டில் சாயங்காலமானால் யாரும் யாரோடும் பேசுவதில்லை. கட்டையில் மருதாணிக் கறை அப்படியே இருந்தது. அழிக்கவா என்று பெட்டி கேட்டது. என் விரல் போகவில்லை.

மறுநாள் பென்டிரைவைத் திருப்பிக் கொடுத்தேன்.

தலை தீபாவளி. மிக்சர் கடைக்காரருக்குத் தீபாவளியில் கடையை விட்டு வருவது என்றால் சாதாரணமா? அத்தான் அன்று விடிகாலை வந்து மறுநாள் கிளம்புவதாக ஏற்பாடு. அக்கா இளைத்திருந்தாள். எண்ணெய் தேய்த்துக் குளித்து, புதுத்துணி உடுத்தி, கறி கொதித்துக்கொண்டிருந்த நேரத்தில் மல்லாங்கிணறிலிருந்து ஒரு வேன் வந்து நின்றது. மாமா இறங்கினார். அத்தை இறங்கினார்கள். அத்தையின் தம்பி இறங்கினார். (கிடா இழுத்தவர். தன்னைத் திரையில் பார்க்க ஆசை.) கூடவே மாமா கடைக்குப் பக்கத்துப் பலசரக்குக் கடை அண்ணாச்சி. அவர் கல்யாணத்துக்கு வர முடியாமல் போனவர். சீரை அவரிடம் காட்டுவதற்கென்றே மாமா கையோடு கூட்டி வந்திருந்தார்.

"மருமகனே, போடு. அண்ணாச்சி பாக்கட்டும்."

இருபது பேர் பதினாலு இன்ச் டிவிக்கு முன்னால் உட்கார்ந்தார்கள். பந்தக்கால் வந்தது. அக்காவுக்கு அலங்காரம் வந்தது. மாப்பிள்ளை அழைப்பு வந்தது. மாமா எதையும் பார்க்கவில்லை. அண்ணாச்சியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நாலாவது ஃபைலின் கடைசியில் மேளம் கேட்டதும் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"இந்தா வருது."

ஒரு தட்டு வந்தது. இரண்டு. மூன்று. அடுத்த நொடி, கெட்டிமேளம், தாலி.

எல்லோரும் அட்சதை போடுவது மாதிரிக் கையைத் தூக்கிவிட்டு, பாதியில் நிறுத்தினார்கள்.

அண்ணாச்சிதான் முதலில் பேசினார். நல்ல மனசோடுதான் பேசினார். "மூணு தட்டு. பரவாயில்ல தவசி. இந்தக் காலத்துல இதே பெருசுல்ல."

மாமா என்னைப் பார்த்தார். "நடுவுல தாவிருச்சு போல. பின்னால ஓட்டு."

பின்னால் ஓட்டினேன். மறுபடியும் ஒன்று, இரண்டு, மூன்று, தாலி.

"சீரு எங்கடா?"

"மாமா, அது வந்து… அஞ்சாவது ஃபைலு ரொம்பப் பெருசு. அதுல ரிப்பீட்டு அதிகம். தட்டு தட்டா வருது…"

"சீருன்னா தட்டு தட்டா வராம, குண்டா குண்டாவா வரும்?"

"கெடா எங்க?" என்றார் அத்தையின் தம்பி, மெல்லிய குரலில்.

அப்பா என்னைக் காப்பாற்றப் பார்த்தார். "எடம் பத்தல மாப்ள. பன்னெண்டும்பாக, அளந்தா எட்டரதான். ஓடை போயிருச்சுல்ல."

"எந்த ஓடை மச்சான்? ஒங்க மகன் என் சீர ஓடையில விட்டுருக்கான், நீங்க அளந்துக்கிட்டு இருக்கீக!"

நான் பதற்றத்தில் ஃபைலைத் தேடுகிற பாவனையில் அங்கும் இங்கும் அழுத்த, பெட்டிக்குள் இருப்பதன் பட்டியல் திரையில் வந்து நின்றுவிட்டது. மாமாவுக்கு ஆங்கிலம் தெரியாது. ஆனால் கடைக்காரருக்கு எண் தெரியாமல் இருக்குமா? தொப்பி போட்ட பெண்ணின் படத்துக்குப் பக்கத்தில் இருந்த எண்ணில் விரலை வைத்தார்.

"இது என்ன, அஞ்சுன்னு போட்டுருக்கு?"

"அது… வெளாட்டு மாமா."

"என் சீரு எம்புட்டு?"

"நாலு."

"அஞ்ச எடுத்துட்டா நாலு உள்ள போகாது?"

நான் அவசரமாகப் பட்டியலை மூடினேன். மாமா எழுந்தார். சத்தம் போடவில்லை, போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, "வெளாட்ட வச்சுக்கிட்டு என்னைய வெளிய தள்ளிட்டான். வாங்க அண்ணாச்சி" என்றார். அம்மா இலை போட்டிருந்தாள். "தம்பி, ஒரு வாய் சாப்ட்டுட்டுப் போ. நல்ல நாளு" என்று வாசல் வரை ஓடினாள். வேன் கிளம்பிவிட்டது. அத்தையின் தம்பி மட்டும் ஜன்னல் வழியாக, "அந்தக் கெடாவ மட்டும் தேடி வையி தம்பி" என்று சொல்லிக்கொண்டே போனார்.

தலை தீபாவளிக்கு வந்த தாய்மாமன் சாப்பிடாமல் போன வீடு எப்படி இருக்கும்? அம்மா அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. அத்தான் மட்டும், பாவம், கறியைச் சத்தமில்லாமல் சாப்பிட்டார். நான் ஸ்டுடியோவுக்குப் போன் போட்டேன். "அதெல்லாம் அழிச்சாச்சே தம்பி. கார்த்திகை முகூர்த்தம் வருதுல்ல. என் சிஸ்டத்துலயும் எடமில்ல" என்றார். உலகத்தில் யாரிடமும் இடமில்லை என்று அன்றுதான் தெரிந்தது.

அக்கா பின்பக்கம் வந்தாள். "ஏலே, அந்த வெளாட்ட அழிச்சுத் தொலைக்க வேண்டியதுதான?"

"மக்காச்சோளம் இருக்குல்ல."

அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். திட்டுவாள் என்று நினைத்தேன். "கிறுக்குப் பயலே" என்றாள், அவ்வளவுதான். பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டு கோழியை விரட்டினாள். அங்கே கோழி எதுவும் இல்லை.

மறுநாள் அவர்கள் கிளம்பினார்கள். அவள் கட்டையைக் கையில்கூட எடுக்கவில்லை.

ஒரு வாரம் கழித்து வீரசோழனுக்கு பஸ் ஏறினேன். பெட்டியை விற்ற காதர் பாய்க்கு ஏதாவது வழி தெரியும் என்று ஒரு நப்பாசை. பெட்டியில் ஏற்றாத ஃபைலைப் பெட்டியிலிருந்து எடுக்க முடியுமா என்று கேட்டேன். (முடியாது. கேட்ட எனக்கே தெரியும்.) பாய் முழுக் கதையையும் கேட்டுவிட்டு, டீ கிளாஸைக் கீழே வைத்தார்.

"தம்பி, அந்த வெளாட்டுத் தட்டு ஒங்கிட்டதான இருக்கு?"

"இருக்கு பாய்."

"வெளாட்டு வேற, நீங்க வெளாண்டு வச்சிருக்கிற கணக்கு வேற. வெளாட்ட அழிச்சாலும் அது அழியாது. தனியா இருக்கும். தட்டப் போட்டு முக்காமணி நேரம் ஏத்துனா விட்ட எடத்துலருந்து அப்படியே வரும்."

"அப்ப அக்கா தோட்டம் எம்புட்டு?"

"ஒரு போட்டோ அளவுகூட வராது. நீங்க படிச்ச புள்ளதான?"

ஒரு போட்டோ. அதற்குக்கூட வராத ஒரு வரிசை மக்காச்சோளத்துக்காக நான் ஐம்பத்தொரு தட்டு, ஒரு கட்டில், ஒரு பீரோ, ஒரு கிடா, ஒரு தவில்காரர், ஒரு தாய்மாமன் எல்லாரையும் வெட்டியிருக்கிறேன். அன்று பஸ்ஸில் உட்கார இடம் இருந்தும் நின்றுகொண்டே வந்தேன்.

வீட்டுக்குப் போகாமல் மல்லாங்கிணறில் இறங்கினேன். மாமா கடையில் குழாய் அறுத்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை. நானும் என் வாழ்க்கையில் முதல் தடவையாக, தெரியாததைத் தெரியாது என்று சொன்னேன்.

"மாமா, எனக்குத் தெரியல. ரெண்டையும் வச்சிருக்கலாம். அது எனக்குத் தெரியாமப் போச்சு."

ரம்பம் ஓடிக்கொண்டே இருந்தது.

"அது வெறும் வெளாட்டு இல்ல மாமா. அக்கா கல்யாணத்துக்கு மொத நாளு ஒரு வரிச மக்காச்சோளம் போட்டுச்சு. வந்து அறுக்குறேன்னுச்சு. அதான் கை வரல."

ரம்பம் நின்றது. "செல்வியா போட்டுச்சு?"

"ஆமா மாமா."

"எத்தன நாளு பயிரு?"

"பதினாலு."

"எந்த ஊருலடா பதினாலு நாள்ல மக்காச்சோளம் வெளையும்?" என்றார். பிறகு மறுபடியும் ரம்பம். நான் பஸ் ஏறி வந்துவிட்டேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மாமா பைக்கில் வந்தார். தனியாக. அம்மா தண்ணீர்ச் செம்போடு ஓடினாள். மாமா அதை வாங்கிக்கொண்டு, யாரையும் பார்க்காமல், "அதப் போடு" என்றார்.

போட்டேன். ஆற்றோரத்தில் சோளம் விரல் உயரம் முளைத்திருந்தது. (அந்த ஊரில் விதைத்த அன்றே முளை வந்துவிடும்.) விளையாட்டு நின்றிருந்த நாள் மழை நாள். பதினாலு இன்ச்சில் சாரல் அடித்தது. எங்களுக்கு அந்த வருஷம் ஐப்பசி ஏமாற்றிவிட்டது. கார்த்திகையும் பாதி போயிருந்தது. அப்பா புரட்டாசியில் போட்ட நிஜ மக்காச்சோளம் வாசலுக்கு எதிரே சுருண்டு நின்றது. மாமா, அப்பா, அம்மா மூன்று பேரும் டிவிக்கு முன்னால் உட்கார்ந்து மழை பெய்வதைப் பார்த்தார்கள். 

"இம்புட்டுத் தண்ணியா?" என்றார் மாமா கடைசியில். பிறகு தொழில் ஞாபகம் வந்துவிட்டது. "கொழாய் எங்க?"

"கெடையாது மாமா. பூவாளிதான்."

"நான் ஒருத்தன் குத்துக்கல்லாட்டம் இருக்கேன். ஒரு வார்த்த சொல்லியிருந்தா சொட்டுநீர் போட்டுக் குடுத்துருக்க மாட்டேனா?"

அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். மாமா அன்று சாப்பிட்டார். சாப்பிட்டுவிட்டு என் போனை வாங்கி அக்காவிடம் பேசினார். சீரைப் பற்றி ஒரு சொல் இல்லை. "ஆத்தா, ஒன் சோளம் நல்லா இருக்கு. மழ பேயுது. நீ ஒண்ணும் கவலப்படாத" என்றார். அந்தப் பக்கம் அக்கா என்ன சொன்னாளோ, சட்டென்று போனை என்னிடம் நீட்டிவிட்டார்.

அவர் போன பிறகு, எதையும் சேமிக்காமல் பெட்டியை அணைத்தேன். அப்படிச் செய்தால் உள்ளே ஒரு நாள்கூட நகராது. அக்கா விட்ட இடத்திலேயே நிற்கும்.

அந்தத் தலை தீபாவளியோடு சேர்த்து நாலு தீபாவளி ஆகிவிட்டது. நான் இப்போது அருப்புக்கோட்டையில் ஒரு மில்லில் எலெக்ட்ரீஷியன். ஞாயிற்றுக்கிழமை அக்கா போன் பண்ணினால், முதல் கேள்வி, "சோளம் எப்படி இருக்கு?" நான், "அப்படியே இருக்கு" என்பேன். அப்படியேதான் இருக்கும் என்று அவளுக்கும் தெரியும். இருந்தாலும் கேட்பாள்.

வருஷத்துக்கு ஒரு தடவை, தீபாவளிக்கு வருவாள். அவள் எண்ணெய் தேய்த்துக் குளிக்கப் போகும்போது நான் தட்டைப் போட்டு விளையாட்டை ஏற்றத் தொடங்குவேன். அவள் தலையைத் துவட்டிக்கொண்டு வரும்போது தயாராக இருக்கும். மகளை மடியில் வைத்துக்கொண்டு, கறை படிந்த அதே கட்டையை எடுத்து, வரப்பிலேயே நடந்து, ஒவ்வொரு பயிருக்கும் தண்ணீர் ஊற்றி, ஒரே ஒரு நாளை ஓட்டிவிட்டு நிறுத்திவிடுவாள். இன்னொரு நாள் ஓட்டேன் என்றால், "மிச்சம் கெடக்கட்டும்டா" என்பாள். அவர்கள் கிளம்பிப் போன பிறகு நான் விளையாட்டை அழித்துவிடுவேன். ஒரு போட்டோவுக்கும் குறைவான அவள் தோட்டம் மட்டும் உள்ளே இருக்கும்.

வீடியோ இல்லாமல் போனதில் ஒருவருக்கு மட்டும் லாபம். ஐம்பத்தொரு தட்டு என்பது இரண்டாம் தீபாவளியில் எழுபத்தொன்று ஆனது. மூன்றாவதில் நூற்றியொன்று. கிடா இரண்டாகிவிட்டது, அத்தையின் தம்பி இரண்டையும் ஒற்றைக் கையில் பிடித்ததாகச் சொல்கிறார்கள். யாராவது மறுத்துப் பேசினால் மாமா என்னைக் கை காட்டுவார். "படிச்சவன்கிட்ட கேளுங்க. நாலு ஜிபி. சும்மாவா?" பலசரக்குக் கடை அண்ணாச்சி இப்போது, தானே கல்யாணத்துக்கு வந்து பார்த்ததாகச் சொல்லிக்கொண்டு திரிகிறார்.

மாமா வீட்டுக்குள் நுழையும்போதே அந்தக் கேள்வியையும் கேட்பார்: "மருமகனே, என் சீருக்கு எடம் ஒழிச்சு வச்சிருக்கியா?" வீடே சிரிக்கும். யாராவது என்னைப் போட்டோ எடுக்கச் சொன்னால், "முழுசா எடுக்கச் சொல்லுங்கப்பா, மூணு பேரோட நிறுத்திருவான்" என்பார்.

போன தீபாவளியில் அக்கா மூன்றாவது நாளுக்குத் தண்ணீர் ஊற்றி முடித்தாள். சோளம் முழங்கால் உயரம்.

"இன்னும் பதினொரு நாளு" என்றேன்.

"பதினொரு தீபாவளியா?" என்றாள், மகளின் தலையைக் கோதிக்கொண்டே.

இலையில் உட்கார்ந்திருந்த மாமா கேட்டுவிட்டார். "அறுக்கும்போது சொல்லுங்க. சீரோட வாரேன். இருநூத்தியொரு தட்டு. இந்தத் தடவ எவனும் வெட்டப்படாது."

அவர் சிரிக்காமல்தான் சொன்னார்.

மறுநாள் அவர்கள் பஸ் ஏறிய பிறகு வழக்கம்போல விளையாட்டை அழித்தேன். ஐந்து ஜிபி காலி என்று திரை காட்டியது. அப்பாவின் கொடைப் பாட்டைத் திரும்ப ஏற்றலாம். என் போனில் இருப்பதையெல்லாம் கொண்டுவந்து போடலாம். எதையும் போடவில்லை. அந்த இடம் அப்படியே கிடக்கிறது.